வெளுத்த மூஞ்சி ஸ்டீவ்

ஒருநாள் இங்கிலாந்துக் கால்பந்து கிளப்பான டெர்பி கவுன்ட்டி ஆடிய ஆட்டம் ஒன்றை டிவியில் பார்த்துக்கொண்டிருந்தேன். படு மந்தமான ஆட்டம். பந்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு மைதானத்தின் ஓரங்களை வேடிக்கை பார்க்கிற அளவுக்கு மந்தம். அப்படிப் பார்க்கும்போதுதான் டெர்பியின் மாற்று ஆட்டக்காரர்கள் உட்காரும் இடத்துக்குப் பக்கத்தில் ஒரு மார்பளவுச் சிலை கண்ணில் பட்டது. பழைய ஜாம்பவான்களுக்குச் சிலை வைப்பது எல்லா கிளப்பும் செய்வதுதான். ஆனால் பெரும்பாலும் அது வெளியே, வாசலில், படம் எடுத்துக்கொள்ள வசதியாக இருக்கும். இது உள்ளே, புல்தரையைப் பார்த்தபடி, பயிற்சியாளரின் கழுத்துக்குப் பின்னால் மூச்சுவிடுகிற தூரத்தில் இருந்தது. யாரப்பா இவர் என்று தேட ஆரம்பித்தேன். இரண்டு வாரமாக இன்னும் விடவில்லை. வீட்டில் இருப்பவர்களெல்லாம் ஸ்டீவ் புளூமர் என்ற பெயரைக் கேட்டாலே எழுந்து போகிறார்கள். அதனால் இங்கே வந்து கொட்டுகிறேன்.

எண்களைச் சீக்கிரம் சொல்லி முடித்துவிடுகிறேன். இங்கிலாந்துக்கு 23 ஆட்டம், 28 கோல். டெர்பிக்கு எல்லாப் போட்டிகளிலும் சேர்த்து 525 ஆட்டம், 332 கோல். அப்புறம் மிடில்ஸ்பரோ என்ற இன்னொரு கிளப்புக்கு அடித்ததையும் சேர்த்தால் லீக் கோல்கள் மட்டும் 352. லீக்கின் அதிக கோல் அடித்தவர் என்ற பெயரை ஐந்து சீசன்களில் வாங்கினார். அந்த 352ஐத் தாண்ட எவர்டன் கிளப்பின் டிக்ஸி டீன் 1936ல் வரவேண்டியிருந்தது. இப்போது இன்னொரு எண்ணையும் சொல்கிறேன். லீக் சாம்பியன் பட்டம் பூஜ்யம், தோற்றால் வெளியே என்கிற நாக்-அவுட் போட்டியான எஃப்ஏ கோப்பையும் பூஜ்யம். இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதுதான் எனக்கு இந்த ஆளின் மேல் ஆர்வமே வந்தது.

1874 ஜனவரி 20ல் கிரேட்லி என்ற ஊரில் பிறந்தவர். பர்மிங்ஹாமுக்கு மேற்கே, நிலக்கரியும் புகையுமாக 'கறுப்பு நாடு' என்றே பெயர் வாங்கிய பகுதி அது. ஊரின் தொழில் இரும்புச் சங்கிலி அடிப்பது. அப்பா கொல்லர். ஸ்டீவ் சின்னப் பையனாக இருந்தபோதே குடும்பம் டெர்பிக்குப் பெயர்ந்துவிட்டது, பையனும் வளர்ந்ததும் அப்பாவின் வழியிலேயே இரும்பு வேலைக்குப் போனான். ஆனால் ஆளைப் பார்த்தால் சம்மட்டி பிடிப்பவன் மாதிரி இருக்க மாட்டார். ஒல்லி, நடுத்தர உயரம், முகத்தில் ரத்தமே ஓடாத மாதிரி ஒரு வெளுப்பு. ரசிகர்கள் வைத்த பட்டப்பெயரே 'வெளுத்த மூஞ்சி'. பழைய படங்களில் பார்த்தால் காய்ச்சலில் படுத்துவிட்டு நேராக ஆட்டத்துக்கு வந்தவர் போலத்தான் தெரிகிறார்.

உள்ளூர்ப் பையன்கள் அணியான டெர்பி ஸ்விஃப்ட்ஸுக்கு ஒரே ஆட்டத்தில் 14 கோல் அடித்தவர் என்று சொல்வார்கள். அது எப்படிப்பட்ட எதிரணியோ, அந்தக் கோல்கீப்பரை நினைத்தால்தான் பாவமாக இருக்கிறது. 1892 செப்டம்பரில், 18 வயதில், ஸ்டோக் அணிக்கு எதிராக டெர்பி கவுன்ட்டிக்கு முதல் ஆட்டம். அங்கே அவருக்குக் கிடைத்த பெரிய வரம் ஜான் குடால். லீக்கின் முதல் சீசனில் ஓர் ஆட்டத்தில்கூடத் தோற்காத பிரஸ்டன் அணியின் நட்சத்திரம், பிறகு டெர்பிக்கு வந்தவர். இந்த ஒல்லிப் பையனைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, எங்கே நிற்பது, எப்போது ஓடுவது, பந்தை எப்போது விட்டுவிடுவது என்று எல்லாம் சொல்லிக்கொடுத்தார். மூத்த ஆட்டக்காரன் தன் இடத்தைப் பறிக்கப்போகிற பொடியனுக்கு வித்தை சொல்லித்தருவது எந்தக் காலத்திலும் அபூர்வம்தான்.

புளூமரை இன்றைய பாஷையில் ஸ்ட்ரைக்கர் என்கிறோம். அன்றைக்கு முன்வரிசையில் ஐந்து பேர், அதில் அவர் 'இன்சைட் ரைட்', அதாவது நடு முன்னணிக்கும் வலது ஓரத்துக்கும் இடையில் ஆடுபவர். அவருடைய பாணி அவர் காலத்து ஆட்களைக் குழப்பிய பாணி. அப்போது பந்தை வாங்கி, காலில் ஒட்டவைத்துக்கொண்டு, இரண்டு பேரை ஏமாற்றிக் காட்டிவிட்டுத்தான் அடிக்க வேண்டும் என்று ஓர் எழுதாத மரியாதை இருந்தது. இவருக்கு அந்தப் பொறுமையெல்லாம் கிடையாது. பந்து வந்ததும் அடி. வலது காலோ இடது காலோ, எது பக்கத்தில் இருக்கிறதோ அது. தரையை ஒட்டி, புல்லைச் சீவிக்கொண்டு போகிற மாதிரி, கோல்கீப்பர் குனிவதற்குள் முடிந்துவிடும். ஆட்டம் முழுக்கக் காணாமல் போய்விடுவார், இவர் இன்றைக்கு ஆடவே இல்லையே என்று கூட்டம் முணுமுணுக்கும்போது இரண்டு கோல் விழுந்திருக்கும். இப்படி ஒரு ஆளை எல்லாக் காலத்திலும் எல்லா ரசிகர்களும் திட்டிக்கொண்டேதான் கொண்டாடியிருக்கிறோம், இல்லையா?

அன்றைய ஆட்டமும் நாம் பார்க்கிற ஆட்டமும் வேறு வேறு என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆஃப்சைடு விதிப்படி முன்னால் நிற்கிறவனுக்கும் கோல் கோட்டுக்கும் நடுவில் எதிரணியினர் மூன்று பேர் இருக்க வேண்டும், அதை இரண்டாகக் குறைத்தது 1925ல்தான். கோல்கீப்பர் 1912 வரைக்கும் தன் பாதி மைதானத்தில் எங்கே வேண்டுமானாலும் பந்தைக் கையால் தொடலாம். மாற்று ஆட்டக்காரர் கிடையாது, கால் உடைந்தால் பத்துப் பேரோடு ஆட வேண்டியதுதான். மழையில் நனைந்த தோல்பந்தின் கனத்தைப் பற்றி யாராவது பழைய ஆட்டக்காரர் பேசினாலே நமக்குத் தலை வலிக்கும். லீக்கில் அவர் ஆடவந்தபோது சீசனுக்கு முப்பதே ஆட்டம். இதற்கு நடுவில்தான் 14 சீசன் தொடர்ந்து டெர்பியின் அதிக கோல் அடித்தவராக இருந்தார். பதினான்கு! கோடைக்காலத்தில் சும்மா இருக்க முடியாமல் பேஸ்பால் வேறு ஆடி, டெர்பி அணியோடு மூன்று முறை பிரிட்டிஷ் சாம்பியன். கால்பந்து கிளப்பின் மைதானத்துக்கே 'பேஸ்பால் கிரவுண்ட்' என்றுதான் பெயர். பிரான்சிஸ் லே என்ற தொழிலதிபர் அமெரிக்கா போய்வந்த மோகத்தில் தன் தொழிற்சாலை ஆட்களுக்காகக் கட்டிய மைதானம், 1895ல் டெர்பி கவுன்ட்டி அங்கே குடியேறியது. பேஸ்பால் ஓய்ந்துபோன பிறகும் நூறு வருஷம் அந்தப் பெயர் ஓயவில்லை.

இங்கிலாந்துக்கு முதல் ஆட்டம் 1895ல், அயர்லாந்துக்கு எதிராக, சொந்த ஊரான டெர்பியிலேயே. 9-0. இவருக்கு இரண்டு. அடுத்த வருஷம் கார்டிஃபில் வேல்ஸை 9-1 என்று துவைத்தபோது இவர் மட்டும் ஐந்து. முதல் பத்து சர்வதேச ஆட்டங்களில் ஒன்றில்கூட கோல் அடிக்காமல் வெளியே வரவில்லை. எதிரணிகள் பலவீனமானவை என்று யாராவது கிளம்பலாம். சரி, அயர்லாந்தும் வேல்ஸும் அன்றைக்கு அவ்வளவு பலமில்லைதான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் ஸ்காட்லாந்து அப்படி இல்லை. அவர் ஆடிய காலம் முழுக்க இங்கிலாந்து இந்த மூன்று நாடுகளைத் தவிர வேறு யாரோடும் முழு சர்வதேச ஆட்டம் ஆடவில்லை. வருஷத்துக்கு மூன்றே ஆட்டம்தான். 1907 ஏப்ரலில் ஸ்காட்லாந்துக்கு எதிராக அவருடைய கடைசி ஆட்டம், அதிலும் ஒரு கோல். அடுத்த வருஷம்தான் இங்கிலாந்து முதல்முறையாக ஐரோப்பாவுக்குப் போய் ஆஸ்திரியாவையும் ஹங்கேரியையும் வறுத்தெடுத்தது. அந்த விருந்தில் உட்கார்ந்து சாப்பிட்டவர் விவியன் வுட்வர்ட், அவர்தான் புளூமரின் 28ஐ ஒரு கோல் வித்தியாசத்தில் தாண்டினார். வுட்வர்ட் கட்டடக்கலை நிபுணர், காசு வாங்காமல் ஆடிய கனவான், அருமையான மனிதர். ஆனாலும் எனக்கு இதில் கொஞ்சம் வயிற்றெரிச்சல் உண்டு, மறைக்கவில்லை.

காசு என்றதும் ஞாபகம் வருகிறது. 1901ல் இங்கிலாந்துக் கால்பந்து நிர்வாகம் ஓர் ஆட்டக்காரனுக்கு வாரம் அதிகபட்சம் 4 பவுண்டுதான் என்று உச்சவரம்பு கட்டிவிட்டது. நாட்டிலேயே அதிக கோல் அடிப்பவனுக்கும் அதேதான். அதனால் பூட்ஸ் விளம்பரம், சத்து டானிக் விளம்பரம் என்று தன் பெயரை வெளியில் விற்று மீதியைச் சம்பாதித்தார். அந்த டானிக்கைக் குடித்து யாருக்காவது முகம் சிவந்ததா என்றால், விளம்பரம் செய்தவருக்கே சிவக்கவில்லை. டானிக்கைவிட பலமானதையும் குடிப்பார், அதற்காகவும் அடங்காத நடத்தைக்காகவும் டெர்பி நிர்வாகத்திடம் வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறார்.

இனி கோப்பைக் கதை. டெர்பி 1898, 1899, 1903 என மூன்று எஃப்ஏ கோப்பை இறுதிப் போட்டிக்குப் போனது, மூன்றிலும் தோற்றது. 1898ல் எதிரி நாட்டிங்ஹாம் ஃபாரஸ்ட். இறுதிப் போட்டிக்கு ஐந்து நாள் முன்பு லீக்கில் அதே ஃபாரஸ்டை டெர்பி 5-0 என்று அடித்திருந்தது. ஃபாரஸ்ட் தன் முக்கிய ஆட்கள் பலரை உட்காரவைத்துவிட்டு ஆடியது என்பதை டெர்பிக்காரர்கள் சந்தோஷத்தில் கவனிக்கவில்லை போல. இறுதிப் போட்டியில் 1-3. டெர்பியின் அந்த ஒரு கோல் புளூமருடையது. அடுத்த வருஷம் ஷெஃபீல்டு யுனைடெட்டுக்கு எதிராகப் பாதி ஆட்டம் முடியும்வரை 1-0 என்று முன்னிலை, முடிவில் 1-4. மூன்றாவது இன்னும் மோசம். புளூமர் காயத்தால் ஆடவில்லை, கோல்கீப்பரும் அடிபட்டு நொண்டிக்கொண்டு நிற்கிறார், பரி அணி 6-0 என்று நசுக்கியது. இறுதிப் போட்டிகளில் அதைவிடப் பெரிய வித்தியாசம் இன்றுவரை கிடையாது. 2019ல் மான்செஸ்டர் சிட்டி அதைச் சமன் மட்டும்தான் செய்தது.

ஊரில் இதற்கு ஒரு விளக்கம் வைத்திருந்தார்கள். மைதானம் கட்டுவதற்காக அங்கே கூடாரம் போட்டிருந்த ஜிப்சிகளைத் துரத்தினார்களாம், அவர்கள் மண்ணை வாரி இறைக்காத குறையாகச் சாபம் விட்டுப் போனார்களாம், இந்த கிளப்புக்குக் கோப்பையே கிடைக்காது என்று. எனக்குச் சாபத்திலெல்லாம் நம்பிக்கை இல்லை, மூன்று தடவையும் எதிரணி நன்றாக ஆடியது என்பதே போதும். ஆனால் டெர்பிக்காரர்கள் நம்பினார்கள், 1946 இறுதிப் போட்டிக்கு முன் ஆள் போய் ஜிப்சிகளிடம் சாபத்தை விலக்கிக்கொள்ளச் சொல்லிக் கேட்டதாகக் கதை. அந்த வருஷம் ஜெயித்தேவிட்டார்கள். புளூமர் செத்து எட்டு வருஷம் கழித்து.

1906 மார்ச்சில் டெர்பி அவரை 750 பவுண்டுக்கு மிடில்ஸ்பரோவிடம் விற்றது. விற்றபோது ஊர் கொதித்தது என்றால் ஆச்சரியமில்லை. மிடில்ஸ்பரோ அப்போது பணத்தை இறைத்துத் தப்பிக்கப் பார்க்கும் கிளப். அதற்கு முந்தைய வருஷம்தான் ஆல்ஃப் காமனுக்கு 1,000 பவுண்டு கொடுத்து, உலகத்தில் முதல் ஆயிரம் பவுண்டு ஆட்டக்காரன் என்று நாட்டையே வாய்பிளக்க வைத்திருந்தார்கள். புளூமர் வந்த சீசனில் மிடில்ஸ்பரோ மயிரிழையில் கீழ்நிலைக்கு இறங்காமல் தப்பியது. அவரை விற்ற டெர்பி அடுத்த சீசனிலேயே இரண்டாம் டிவிஷனுக்கு விழுந்தது. நாலு வருஷம் கழித்து, 1910ல், 36 வயதில் டெர்பிக்குத் திரும்பினார். 1912ல் அவர் தலைமையில் டெர்பி இரண்டாம் டிவிஷனை ஜெயித்து மேலே வந்தது. ஆட்டக்காரராக அவருக்குக் கிடைத்த லீக் பட்டம் அது ஒன்றுதான், அதுவும் இரண்டாம் டிவிஷன், அதுவும் 38 வயதில். 1914 ஜனவரியில் கடைசி ஆட்டம். அப்போது நாற்பது முடிந்திருந்தது.

பெரும்பாலான ஆட்டக்காரர்களின் கதை இங்கே முடிந்துவிடும், ஒரு சாராயக்கடையும் கொஞ்சம் பழம்பெருமையும் மிச்சமிருக்கும். புளூமருக்கு வெளிநாட்டிலிருந்து பயிற்சியாளர் வேலை வந்தது. பெர்லினில் பிரிட்டானியா என்ற கிளப். 1914 ஜூலையில் பெட்டியைக் கட்டிக்கொண்டு ஜெர்மனிக்குப் போய் இறங்கினார். ஆம், 1914 ஜூலை. மூன்று வாரத்தில் உலகப்போர். சரியான இடத்தில் சரியான நேரத்தில் நிற்பதையே பிழைப்பாக வைத்திருந்த மனுஷன் வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை தவறான இடத்தில் நின்றார்.

நவம்பரில் ஜெர்மனியில் இருந்த பிரிட்டிஷ் ஆண்களையெல்லாம் வளைத்துப் பிடித்து ரூலேபன் என்ற இடத்தில் அடைத்தார்கள். பெர்லினுக்கு மேற்கே ஒரு குதிரைப் பந்தய மைதானம். நாலாயிரத்துக்கு மேல் ஆட்கள், படுக்கை குதிரை லாயத்தில், ஒரு குதிரை நிற்கிற அறைக்கு ஆறு பேர். வியாபாரி, மாலுமி, ஜாக்கி, மாணவன், பேராசிரியர் எல்லாரும் ஒரே வைக்கோலில். பின்னாளில் நியூட்ரானைக் கண்டுபிடித்து நோபல் வாங்கிய ஜேம்ஸ் சாட்விக் அங்கே இருந்தார், கிடைத்ததை வைத்து லாயத்தில் சோதனைக்கூடம் அமைத்தார். நாடகம், நூலகம், உள் தபால் சேவை எல்லாம் முளைத்தன. பொழுதுபோகாமல் ஓர் இடைத்தேர்தல்கூட நடத்தினார்கள். ஆண்கள் மட்டுமே இருந்த அந்த முகாமில் ஜெயித்தது பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்ட வேட்பாளர்!

கால்பந்து இல்லாமலா? அங்கே அடைபட்டிருந்த கால்பந்துக்காரர்களின் பட்டியலைப் படித்தபோது எனக்குச் சிரிப்பும் வந்தது, ஒரு மாதிரியாகவும் இருந்தது. டாட்டன்ஹாம் 1901ல் எஃப்ஏ கோப்பை ஜெயித்தபோது அதன் ஆட்டக்கார மேனேஜராக இருந்த ஜான் கேமரன். மிடில்ஸ்பரோவில் புளூமரோடு ஆடிய ஃபிரெட் பென்ட்லண்ட். இங்கிலாந்துக்கு ஆடிய சாம் வோல்ஸ்டன்ஹோம். எல்லாரையும்விட எட்வின் டட்டன், அவர் ஜெர்மனி தேசிய அணிக்கே ஆடியவர், ஆனால் பெற்றோர் ஆங்கிலேயர், ஆகவே உள்ளே போ. நீ எங்களுக்காக ஆடினாய், இருந்தாலும் நீ எதிரி!

1915 வசந்தத்தில் பந்தயப் பாதைக்கு நடுவில் இருந்த வெற்றிடத்தை விளையாட்டுக்கு விட்டார்கள். உடனே ஒரு கால்பந்துச் சங்கம், லீக், கோப்பை. ஆயிரக்கணக்கில் கைதிகள் சுற்றி நின்று பார்த்தார்கள். அந்த மே மாதம் இங்கிலாந்து அணி ஒன்று, கேமரன் தலைமையிலான 'உலக அணி' ஒன்றோடு மோதியது. இங்கிலாந்துச் சட்டையில் 41 வயது புளூமர். கிரிக்கெட்டும் நடந்தது, அதில் இரட்டைச் சதம் அடித்திருக்கிறார். நான் இந்த இடத்தில்தான் நின்று நின்று படித்தேன். இருபதாயிரம் பேர் கத்த, பத்திரிகைக்காரர்கள் எழுத, டானிக் கம்பெனி காசு கொடுக்க ஆடுவது ஒன்று. சூப் தண்ணீராக இருக்கிற நாளில், போர் எப்போது முடியும் என்று தெரியாமல், தோற்றாலும் ஜெயித்தாலும் அதே லாயத்துக்குத் திரும்பப்போகிற ஆட்டத்தில் நாற்பது வயசுக்கு மேல் ஓடுவது வேறொன்று. 352 கோல்களைவிட எனக்கு இந்த ஆட்டங்கள்தான் பெரிசு, இவற்றை எந்தப் பட்டியலிலும் சேர்க்க மாட்டார்கள் என்றாலும்.

மூன்று வருஷத்துக்கு மேல் உள்ளே இருந்தார். 1918 மார்ச்சில் விடுவித்து நெதர்லாந்துக்கு அனுப்பினார்கள், போர் முடியும்வரை அங்கேதான் இருக்க வேண்டும். புறப்படும்போது முகாமில் அவருக்காகவே ஒரு வழியனுப்பு ஆட்டம் வைத்தார்கள். நெதர்லாந்தில் என்ன செய்தார் என்கிறீர்கள்? ஆம்ஸ்டர்டாமில் பிளாவ்-விட் என்ற கிளப்புக்குப் பயிற்சி கொடுத்தார்.

ஊருக்குத் திரும்பி டெர்பியில் இளையவர்களுக்குப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தவரை 1923ல் ஸ்பெயின் கூப்பிட்டது. பிரான்ஸ் எல்லையை ஒட்டி, ஆற்றங்கரையில், இரூன் என்று ஒரு சின்ன பாஸ்க் ஊர், அதன் கிளப் ரியல் யூனியன். ஸ்பெயினில் அப்போது தேசிய லீக் கிடையாது, அது 1929ல்தான் வந்தது. அரசர் கோப்பைதான் எல்லாம், அதை ஜெயித்தவர்தான் நாட்டின் சாம்பியன். புளூமரின் ஆட்கள் அரையிறுதியில் பார்சலோனாவை வெளியே அனுப்பினார்கள். 1924 மே மாதம் சான் செபாஸ்டியனில் இறுதிப் போட்டி, எதிரி ரியல் மாட்ரிட். 1-0.

இருபது வருஷத்துக்கு மேல் ஆடியும் தன் நாட்டில் தொட முடியாத கோப்பையை, பாஷை தெரியாத ஊரில், ஐம்பது வயதில், ஆட்டக் களத்துக்கு வெளியே நின்றபடி வாங்கினார்! சந்தோஷப்பட்டிருப்பாரா, இல்லை 1898ஐ நினைத்துக்கொண்டிருப்பாரா என்று நான் அடிக்கடி யோசிக்கிறேன்.

அப்புறம் மறுபடியும் டெர்பி, மறுபடியும் அதே பேஸ்பால் கிரவுண்ட். அங்கேயே சின்னச் சின்ன வேலைகள் செய்துகொண்டு இருந்தார். உடம்பு கெட்டபோது கிளப் அவரைக் கடல் பயணத்துக்கு அனுப்பியது. திரும்பிவந்து சில வாரங்களில், 1938 ஏப்ரல் 16ல் போய்விட்டார், 64 வயதில்.

இப்போது டெர்பிக்குப் புது மைதானம். ஒவ்வொரு சொந்த ஊர் ஆட்டத்துக்கும் முன்னால் அவர் மேலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறார் என்கிற பாட்டு ஒன்றைப் போடுகிறார்கள், கூட்டமும் சேர்ந்து பாடுகிறது. நான் டிவியில் பார்த்த சிலை 2009 ஜனவரியில் வைத்தது. அந்தத் தேதியைப் படித்ததும் வாய்விட்டுச் சிரித்துவிட்டேன், ஏனென்றால் அதற்கு முந்தைய சீசன், 2007-08, டெர்பி பிரீமியர் லீக்கில் 38 ஆட்டத்தில் ஒரே ஒன்றை ஜெயித்து, மொத்தம் 11 புள்ளி எடுத்து, மார்ச் மாதமே கீழே இறங்கிய சீசன். அந்த வருஷம் முழுக்கவும் அந்தப் பாட்டைப் போட்டுத்தான் ஆட்டத்தைத் தொடங்கியிருக்கிறார்கள். சிலையாவது ஒரு வருஷம் தாமதமாக வந்ததே, தப்பித்தார் மனுஷன்.